வாசனை வெளியே போகக்கூடாது

“ஜன்னலைச் சாத்துங்க. வெள்ளிக்கிழமையும் அதுவுமா மாட்டுக்கறி கேக்குதா உங்களுக்கு?” என்றாள் லிபியா.

“அஞ்சே நிமிஷம்.” சோளமாவில் புரட்டிய கறியைச் சூடான வாணலியில் போட்டு, சோயா சாஸ் ஊற்றினான் அவள் கணவன் ரெக்ஸ். ஓசூர் முழுக்க மணப்பதுபோல் இருந்தது அவனுக்கு.

நூடுல்ஸைக் கொட்டிக் கிளறும்போது மாடிப்படியில் காலடிச் சத்தம். அடுத்து, கதவு தட்டப்பட்டது.

மாடியில் இருக்கும் வீட்டு ஓனர் தீர்த்தகிரி நின்றிருந்தார். நேராகச் சமையலறைக்குள் வந்து வாணலியை எட்டிப் பார்த்தார்.

“மாட்டுக்கறியா?”

ரெக்ஸ் அடுப்பை அணைத்தான். “ஆமாங்கண்ணா.”

“உங்கம்மா ஆட்டோவுல வந்து எறங்கறாங்க. மாடியில இருந்து பாத்தேன். தவக்காலத்துல வெள்ளிக்கிழமை கறி ஆக்குனது தெரிஞ்சா உன்னைச் சும்மா விடுவாங்களா? குடு இப்பிடி.”

பிடிதுணியோடு வாணலியை வாங்கிக்கொண்டு மாடியேறிவிட்டார்.

உள்ளே வந்த அம்மா மேரிராணி, கழுத்து ஜெபமாலையைப் பிடித்தபடி மூக்கை உறிஞ்சினாள். “என்னடா, கறி வாசனை அடிக்குது?”



மாடிப்படியிலிருந்து, எதையோ மென்றுகொண்டே தீர்த்தகிரி பதில் சொன்னார்.

“எங்க வீட்லதாங்கம்மா. எங்களுக்கு ஏது தவக்காலம்?”