போடாத சட்டை

"அண்ணாவின்ர ஜீன்ஸில அஞ்சு பொக்கற். என்ர சட்டையில ஏன் அக்கா ஒண்டுமில்லை?" என்று ஒரு சிறுமி ஒருமுறை கிருசாந்தியிடம் கேட்டாள். அதற்காகவே அவள், டென்மார்க்கின் ஹொல்ஸ்டெப்ரோ நகரில் பதின்வயதுப் பெண்களுக்குப் பொக்கற் வைத்த சட்டைகளைத் தைத்து இணையத்தில் விற்கத் தொடங்கினாள்.

முதல் மாதம் விற்றது ஒன்றே ஒன்று. அதுவும் புதன்கிழமை தபாலில் திரும்பி வந்தது. உதறியபோது பொக்கற்றிலிருந்து பாதி உளுந்து வடை விழுந்தது.

அதை மகளுக்காக வாங்கிய, கிரின்ஸ்டெட் ஊரிலிருக்கும் தவமலருக்குப் போன் எடுத்தாள்.

"அன்ரி, மகள் சட்டையைப் போட்டவவோ?"

"போடவே இல்லைப் பிள்ளை. அளவில்லை. காசைத் திருப்பி அனுப்பும்."

"சனிக்கிழமை நடந்த சாமத்தியவீட்டுச் சடங்குக்கும் போடேல்லையோ?"

"சீச்சீ!"

"பொக்கற்றுக்குள்ள வடை கிடந்தது."

"தபால்காரன் வச்சிருப்பான்!"

"பாதி வடை, அன்ரி."

"பாத்தீரே, மற்றப் பாதியைத் திண்டிட்டான்!"

கிருசாந்திக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "ஓம் அன்ரி, பாவம், அவருக்குப் பசிச்சிருக்கும். காசு அனுப்பிறன்."

முன்பு கிருசாந்தியின் பதின்மூன்றாவது பிறந்தநாளுக்கு மறுநாள், அவளுடைய அம்மாவும் ஒரு சட்டையைக் கடையில் திருப்பிக் கொடுத்து, போடவே இல்லை என்று சாதித்தார். சட்டையின் கழுத்தில் கோயில் சந்தனக் கறை. அதைக் கண்ட கடைக்காரப் பெண்மணி, வரிசையில் நின்றவர்களுக்குத் தெரியாமல் கையால் மறைத்தபடியே பணத்தைக் கொடுத்தார்.

இப்போது அறையில் பார்க்க வேறு யாருமில்லை. கிருசாந்தி பணத்தை அனுப்பிவிட்டு, விற்பனைக் கணக்கில் திருப்பியதற்கான காரணம் என்ற இடத்தில் "அளவு சரியில்லை" என்று எழுதினாள்.