முதல் டோக்கன்

கரன்ட் பில்லை இனி ஆன்லைனில்தான் கட்ட வேண்டும் என்று கவுண்டரை மூடியதும் தையல்காரர் வழக்குப் போட்டார். "திறக்க வைக்கிறேன். முதல் ஆளா நான்தான் கட்டுவேன், பாரு," என்று மனைவியிடம் சவால் விட்டார். தீர்ப்பு வருமுன் கண்ணை மூடிவிட்டார். அவள் விடவில்லை, ஐந்து வருடம் கோர்ட்டுக்கு நடையாய் நடந்து ஜெயித்தாள்.

கவுண்டர் திறந்த அன்று, பூட்டைத் திறந்த காசாளருக்குப் பின்னாலேயே நுழைந்தாள். அவளுக்கு முன்னால் ஈ காக்கை இல்லை. டோக்கன் மெஷின் இரண்டாம் நம்பரைக் கொடுத்தது.

"உங்க பில் கட்டியாச்சுன்னு காட்டுதேம்மா," என்று காசாளர் இழுப்பறையைத் திறந்தார். நான்காக மடித்த நோட்டுகள். மேலே, துணியில் கோடு போடும் நீலச் சாக்பீஸ் படிந்த பெருவிரல் தடம்.

அவள் வாய்விட்டுச் சிரித்தாள்.

"ஜெயிச்சது நான். கட்டுறதுல மட்டும் மனுஷன் முந்திக்கிட்டாரு!"