எட்டு நொடி

திரையில் அந்தப் பெண்ணுக்கு முகம் இல்லை.

முகம் இருக்க வேண்டிய இடத்தில் மங்கலாக ஒரு வட்டம். குரலையும் மாற்றியாயிற்று. குவாரியில் பாறை சரிந்து இரண்டு பேர் உள்ளே கிடந்தபோது, குழியை மூடச் சொன்னது யார் என்று அந்தக் குரல் சொல்லிக்கொண்டிருந்தது.

படமெடுத்தவள் பின்சுவரில் சாய்ந்து நின்றாள். மூன்று வருட உழைப்பு. இன்றுதான் முதல் திரையிடல்.

ஞாயிறு மதியம். சங்கக் கட்டடத்தின் ஜன்னல்களைப் போர்வைகளால் மூடியிருந்தார்கள்.

முன்வரிசையில் குவாரி மேஸ்திரி. யாரும் அழைக்கவில்லை. பேசுகிறவள் யாரென்று பார்த்துவரச் சொல்லி முதலாளி அனுப்பியிருப்பார்.

பார்க்கட்டும்.

"என் முகம் வராதுல்ல தாயி?" என்று கேட்டவளின் உள்ளங்கையில் அடித்து, வராது என்று சாமி சாட்சியாகச் சொல்லிவிட்டு வந்திருந்தாள்.

கேமரா அந்த மங்கல் வட்டத்தை விட்டு மெல்லக் கீழே இறங்கியது.

பேசி முடித்ததும், வெயிலில் வந்த பிள்ளையாயிற்றே என்று அந்தப் பெண் நீட்டிய தண்ணீர். எடுத்தவளுக்குப் படத்திலேயே மிகவும் பிடித்த இடம். வெட்ட மனம் வராமல் எட்டு நொடி விட்டுவைத்திருந்தாள்.

காய்த்துப்போன விரல்கள். எவர்சில்வர் டம்ளர்.

விளிம்புக்குக் கீழே, வாங்கிய அன்று பாத்திரக் கடையில் புள்ளி புள்ளியாக வெட்டிக் கொடுத்த பெயர்.

மடிக்கணினியில் அது வெறும் கீறல். இங்கே ஒவ்வோர் எழுத்தும் கையகலம்.

இரா. சீனியம்மாள்.

அந்தப் பெண்ணின் முகத்தை மறைப்பதிலேயே கண்ணாக இருந்துவிட்டாள்.

ஓடிப்போய்ப் புரொஜெக்டருக்கு முன்னால் நின்றாள். அவளுடைய நிழல் திரையை மூடியது. டம்ளரும் பெயரும் அவள் சட்டையில் கலைந்து விழுந்தன.

"ஏக்கா, எடுத்த படத்தை நீயே மறைச்சா எப்படி?" கூட்டத்திலிருந்து ஒரு குரல்.

அரங்கம் சிரித்தது. மேஸ்திரி சிரிக்கவில்லை.

விளக்கு எரிந்ததும் எழுந்து நேராக அவளிடம் வந்தான். அவள் கண்ணைப் பார்க்காமல் பேசினான்.

"தாகம்னு அந்த வாசல்ல போய் நின்னா, எனக்கும் அந்த டம்ளர்லதான் தண்ணி குடுக்கும் அந்தம்மா."

அவன் சட்டைப்பையில் போன் அடித்தது. உருவிப் பார்த்தான். அவளுக்கும் தெரிந்தது. முதலாளி.

சத்தியம் செய்த கையை அவள் இறுக மூடிக்கொண்டாள்.

போன் அடித்துக்கொண்டே இருந்தது.

அவன் இன்னும் எடுக்கவில்லை.