டிராகன் யார் பக்கம்?

"ருசி எப்படின்னு சொல்லித் தொலையேன்டா!" அலமாரியின் அடித்தட்டிலிருந்து கரையான் தலைவன் கத்தினான். எந்தப் புத்தகத்தையும் ராமபாணப் பூச்சி கடித்துப் பார்த்து "நல்லாருக்கு" என்றால்தான் கரையான் கூட்டம் மேலே ஏறும். ஏறினால் அட்டைகூட மிஞ்சாது.

"இருங்கண்ணே. முதல் இருநூறு பக்கம் ஒரே வளவளா. ஏழு ராஜ்யம், ஏழு ராஜா, எல்லாருக்கும் ஒரே மீசை. ஒருத்தன் குதிரையில ஏறவே ஒரு அத்தியாயம்!"

"அப்ப வேற புத்தகம் பார்ப்போமா?"

"இப்பத்தான் முட்டையிலிருந்து டிராகன் தலையை நீட்டுது. எந்த ராஜா பக்கம் போகும்னு தெரியல."

"கதையை யாருடா கேட்டா? காகிதம் எப்படி?"

பூச்சி ஓரத்தைக் கடித்தது. அப்படியொரு ருசி. பொய் சொல்லவும் அதற்கு வராது.

"நல்லாருந்தா ஒரு குரல் குடு, பசி தாங்கல!"

பூச்சி குரல் கொடுக்கவில்லை. சத்தமில்லாமல் அடுத்த பக்கத்துக்குள் நுழைந்தது.