பேழைக்கரட்டின் ஆயுள் சான்று

நாட்டின் மலைகளெல்லாம் சட்டப்படி ஆட்களாகிவிட்ட பிறகு, ஓய்வூதியக்காரர்களைப் போல அவையும் வருடத்துக்கொருமுறை உயிரோடிருப்பதை நிரூபிக்க வேண்டியிருந்தது. அந்தமான் எரிமலைக்குக் கவலையில்லை. புகையைக் காட்டித் தப்பித்துவிடும். பேழைக்கரடோ சும்மா நிற்கிற மலை. அது செத்தால் உடைக்க, கல்குவாரிக்காரர்கள் அடிவாரத்தில் வண்டிகளோடு காத்திருந்தார்கள்.

மலையின் காப்பாளராகப் பதிவாகியிருந்தவள் பொன்னுருவி. மூச்சிரைக்க ஏறிவந்த அதிகாரி, அவள் வீட்டில் இரண்டு சொம்பு சுனைத் தண்ணீர் குடித்துவிட்டுக் கருவியைப் பாறையில் வைத்துப் பார்த்தார்.

"துடிப்பே இல்லம்மா. இறந்துடுச்சுன்னு எழுதிடறேன்."

"எழுதிக்குங்க சார். ஆனா எழவு வீட்டுக்கு வந்துட்டு, தலைக்கு ஊத்தாம வீட்டுக்குப் போவீங்களா?"

அதிகாரி பேனாவோடு தயங்கினார். அப்படிப் போனால் அவர் மனைவி வாசற்படி ஏறவிடமாட்டாள்.

"தண்ணி எங்கம்மா இருக்கு?"

பாறையிடுக்கிலிருந்து கொட்டிக்கொண்டிருந்த சுனையை அவள் காட்டினாள்.

"ஊரிலே வேற தண்ணி கிடையாது. நீங்க சாகடிச்ச மலைதான் ஊத்தணும். போய்த் தலையைக் குடுங்க சார். நனைஞ்சுட்டு வந்து, என் முன்னாடி உக்காந்து எழுதுங்க."