யாருக்கு அந்தப் பெட்டி?

ஊமைப்படக் கம்பெனியின் சாமான் அறைக்குப் புதிதாக ஒரு சவப்பெட்டி வந்ததும் வைக்கோல் பொம்மைக்குப் பயம் வந்துவிட்டது. நாயகனின் உடுப்போடு மாடியிலிருந்து விழுவதெல்லாம் பொம்மைதானே!

"யாருக்காக வந்திருக்கே?" என்று பெட்டியைக் கேட்டது.

"நாயகருக்குத்தான். ஊர்வலத்துல எழுந்து உட்கார்ந்து தும்முவார். ஜனங்க சிரிப்பாங்க."

"அப்போ உன் மூடியோட வந்த ஆணி எதுக்கு?"

"எனக்கென்ன தெரியும்?"

மறுநாள் நாயகன் பெட்டியில் படுத்தான், எழுந்து தும்மினான். பொம்மைக்கு அப்பாடா என்றிருந்தது.

"காமிராவை நிறுத்து!" என்றார் டைரக்டர். நாயகன் இறங்கிக்கொண்டான். பொம்மையை உள்ளே திணித்து, ஆணியடித்து, பெட்டியை ஆற்றில் தள்ளினார்கள்.

தண்ணீர் புகுந்ததும் பெட்டி அலறியது: "நாயகர் எழுந்திருப்பார்னு சொன்னாங்களே!"

"எழுந்திருப்பார்," என்றது பொம்மை. "கரையில, தலையில ஒரு குடம் தண்ணியை ஊத்திக்கிட்டு."