சாய்தளமும் கட்டடம்தான்

"சிமெண்டைச் சாய்ச்சுப் பூசினா அது கட்டடமாய்யா?"

"ஐயா, நான் சொல்றதைக் கொஞ்சம்..."

"என்னத்தைச் சொல்லுவே? தெருவோரம் கட்டடம் கூடாதுன்னுதான் சட்டம். இது என் பொண்டாட்டி வண்டி இறங்குற சாய்தளம்!"

சக்கர நாற்காலியிலிருந்து அவள் வாசலைப் பார்த்தாள். கடப்பாரையோடு இரண்டு பேர் காத்திருந்தார்கள். சாய்தளம் போனால் அவளுக்கு உலகம் ஜன்னலோடு சரி.

"சாய்தளமும் கட்டடம்தான்னு எங்க துறை சொல்லுதுங்க," என்றார் அதிகாரி.

"உங்க துறை காக்காவை வெள்ளைன்னு சொன்னா?"

"வெள்ளைதாங்க. துறை சொல்ற அர்த்தமே அர்த்தம், கோர்ட் தலையிடாதுன்னு பழைய தீர்ப்பே இருக்கு. ஒரு தையல்காரர் கடை வாசப்படியை இடிச்ச கேஸ்."

"எந்த மடையன் எழுதினான்? சட்டத்துக்கு அர்த்தம் பாக்கத் தெரியாதவன் எதுக்கு அந்த நாற்காலியில உக்காந்தான்?"

அவள் கணவரிடம் நீட்டத் துணிவில்லாமல், அதிகாரி தீர்ப்பின் நகலை அவள் மடியில் வைத்தார். அவள் கண்ணாடியை மாட்டிக்கொண்டு கடைசிப் பக்கத்தைப் புரட்டினாள். கீழே இருந்த கையெழுத்து, பிள்ளைகளின் ரேங்க் கார்டுகளில் அவள் பார்த்துப் பார்த்துப் பழகியதுதான்.

"ஏங்க, இதுல கையெழுத்துப் போடறதுக்கு முன்னாடி, அந்தத் தையல்காரர் வாசப்படியை ஒரு தடவையாவது போய்ப் பாத்தீங்களா?"